சுமேரியமாதல், சுமேரியமாக்கல்

நான் ஆங்கிலத்திலிருந்து தமிழுக்கு மொழிபெயர்ப்பவள். மருந்துப் பெட்டிக்குள் மடித்து வைக்கும் தாள், குக்கரோடு வரும் கையேடு, காப்பீட்டு விளம்பரம் இவைதான் வழக்கமான வேலை. எப்போதாவது ஒரு புத்தகம் வரும். சில ஆண்டுகளுக்கு முன் அடையாற்றில் உள்ள சிறிய பதிப்பகம் ஒன்று மெசொப்பொத்தேமியாவின் பழைய வரலாற்றைச் சொல்லும் நூலை என்னிடம் கொடுத்தது. பொது வாசகருக்கான நூல், கடினமான நடை இல்லை. தொந்தரவெல்லாம் பெயர்களில்தான் வந்தது. அந்த நாட்டின் புகழ்பெற்ற நகரங்களில் ஒன்றுக்கு ஊர் என்று பெயர். ‘ஊர் மக்கள்’ என்று எழுதினால் எந்த ஊர் என்று வாசகர் கேட்பார். ‘ஊர் நகரம்’ என்று எழுதி எழுதிக் கை பழகிவிட்டது.

நான்காம் அத்தியாயத்தில் ஒரு சொல் வந்தது. ‘சுமேரியனைசேஷன்.’ என்னிடம் இருந்த அகராதிகள் எதிலும் அது இல்லை. பொருள் விளங்காமல் இல்லை. பிறப்பால் சுமேரியர் அல்லாத மக்கள், வேறு மொழி பேசியவர்கள், சுமேரியரின் எழுத்தையும் தெய்வங்களையும் பழக்கங்களையும் எடுத்துக்கொண்டு காலப்போக்கில் சுமேரியராகவே அறியப்படுவது. நூலாசிரியர் அந்தச் சொல்லை இரண்டு இடங்களில் பயன்படுத்தியிருந்தார். முதல் இடத்தில், வடக்கிலிருந்து தெற்கு நகரங்களுக்கு வந்து குடியேறியவர்களைப் பற்றி. இரண்டாம் இடத்தில், பின்னாளில் ஊர் நகரத்து அரசர்கள் தங்கள் அலுவலகங்களில் எல்லாம் சுமேரிய மொழியில்தான் எழுத வேண்டும் என்று வைத்திருந்ததைப் பற்றி.

நான் இரண்டு இடத்திலும் ‘சுமேரியமாதல்’ என்று எழுதிவிட்டு மேலே போய்விட்டேன்.

பதிப்பகத்தில் என் பிரதியைப் படித்துத் திருத்துபவர் என்னைவிடப் பத்துப் பதினைந்து வயது இளைய பெண். பட்டினப்பாக்கத்தை ஒட்டிய ஒரு குப்பத்தில் பிறந்து, தொல்லியல் படித்து, இந்த வேலைக்கு வந்தவர். அவருடைய அம்மா மீன் விற்றவர். என்னை அக்கா என்று கூப்பிடுவார். ஒருநாள் மாலை என்னை அலுவலகத்துக்கு வரச் சொல்லி அந்தப் பக்கத்தை எடுத்து முன்னால் வைத்தார்.

“அக்கா, இது ஏன் ஆதல்? ஆக்கல்னு போடலாமே?”

“தானாக நடந்ததுதானே? யாரும் அடித்து மாற்றியதாக ஆசிரியர் சொல்லவில்லையே.”

“அடிக்கலன்னா தானா நடந்துச்சுன்னு அர்த்தமா?”

உலகமயமாதல், உலகமயமாக்கல் என்று பத்திரிகைகளில் இரண்டும் வருவதை அவர் சொன்னார். எழுதுகிறவர் எந்தப் பக்கம் நிற்கிறார் என்பதைப் பொறுத்து அது மாறுகிறது என்றார். ஆங்கிலத்தில் ஒரே சொல்லுக்குள் இரண்டும் ஒளிந்துகொள்ளலாம். தமிழில் முடியாது. ஆனார்களா, ஆக்கினார்களா என்று சொல்லாமல் வினையை முடிக்க இடமில்லை.

“நீங்க எப்படித் தீர்மானிப்பீங்க?” என்று கேட்டேன்.

“யாருக்கா தானா ஆவாங்க? நம்மகிட்ட ஏதோ கொறயுதுன்னு ஒருத்தர் காட்டுனாத்தான் ஆவோம்” என்றார். அவர் படித்த பள்ளியில், ‘இருக்கு’ என்பதற்குப் பதில் ‘கீது’ என்று யாராவது சொல்லிவிட்டால் ஆசிரியை திட்டமாட்டாராம். வகுப்பு முழுவதும் சிரித்து முடிக்கும்வரை பேசாமல் நிற்பாராம். “ஒரே வருஷத்துல எங்க வாயிலேர்ந்து அது போயிடுச்சு. யாரும் எதுவும் பண்ணல. இதுக்கு நீங்க ஆதல்னு போடுவீங்களா?”

எனக்கு அது வேறு விஷயம் என்று தோன்றியது. சான்றுகளைப் பார்க்கலாம் என்றேன். நூலிலேயே ஆசிரியர் தந்திருந்தார்: சுமேரிய மொழியில் களிமண் பலகைகளில் எழுதிய எழுத்தர்கள் பலருடைய பெயர்கள் சுமேரியப் பெயர்கள் அல்ல. சில குடும்பங்களில் அப்பாவுக்கு ஒரு மொழியில் பெயர், மகனுக்கு இன்னொரு மொழியில். விரும்பி வைத்தார்களா, வைக்க நேர்ந்ததா என்பதற்குப் பலகைகளில் பதில் இல்லை.

“அப்போ ஆதலும் தெரியாது, ஆக்கலும் தெரியாது” என்றார் அவர். “யோசிங்க அக்கா. அச்சுக்குப் போக இன்னும் நாள் இருக்கு.”

நான் யோசிக்கவில்லை. அந்த வாரம் அம்மாவுக்குக் கண் அறுவை சிகிச்சை.

என் பிறந்த வீடு தியாகராய நகரில். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்த அப்பா பாத்திரக்கடை வைத்திருந்தார். கடைக்கு மேலேயே வீடு. இப்போது கடையை அண்ணன் பார்க்கிறான். அம்மா சென்னைக்கு வந்து ஐம்பது வருஷத்துக்கு மேல் ஆனாலும் பேச்சு மாறவில்லை. கடைக்கு வருகிறவர்களில் பாதிப் பேர் அந்தப் பக்கத்துக்காரர்களாக இருந்ததால் மாற வேண்டிய தேவையும் வரவில்லை.

நான் மயிலாப்பூரில் வாழ்க்கைப்பட்டேன். கல்லூரியில் உடன் படித்தவரைத் திருமணம் செய்துகொண்டேன். அவர்கள் பல தலைமுறையாக அங்கேயே இருப்பவர்கள். வீட்டை ‘ஆம்’ என்பார்கள், ‘ஆத்துல’ என்பார்கள். இரண்டு வீட்டிலும் சண்டை என்று பெரிதாக எதுவும் நடக்கவில்லை. இரண்டு வீட்டிலும் பேசுவதைக் குறைத்துக்கொண்டார்கள். சில வருஷங்களில் அதுவும் சரியானது.

இரண்டு கண்ணிலும் அம்மாவுக்குப் புரை முற்றியிருந்தது. முதலில் வலது கண்ணைச் செய்தார்கள். கடைக்கு மேலே ஏறும் படி செங்குத்தானது என்பதால், மருத்துவமனையிலிருந்து நேராக எங்கள் வீட்டுக்கு அழைத்து வந்தேன். அம்மா எங்கள் வீட்டில் இரவு தங்குவது அதுதான் முதல் தடவை. முன்பெல்லாம் விசேஷத்துக்கு வருவாள், சாப்பிடுவாள், இருட்டுவதற்குள் கிளம்பிவிடுவாள்.

மறுநாள் காலை அம்மா கூடத்துக் கட்டிலில் கண்ணை மூடிப் படுத்திருந்தாள். ஒரு கண்ணில் கட்டு. இன்னொன்றைத் திறந்தாலும் வெளிச்சம்தான் தெரியும், ஆள் தெரியாது. நான் அடுத்த அறையில் நாத்தனாரோடு தொலைபேசியில் பேசிக்கொண்டிருந்தேன். அவளுடைய மாமனாருக்குக் காய்ச்சல் என்று கேள்விப்பட்டு விசாரித்தேன். “இப்போ எப்படி இருக்கார்? சாப்பிடறாரோ? நான் இங்கே அம்மாவைப் பாத்துண்டு இருக்கேன், இல்லேன்னா வந்திருப்பேன்” என்கிற மாதிரிப் பேச்சு. பேசி முடித்துக் கூடத்துக்கு வந்தேன்.

அம்மா தலையைத் திருப்பாமல் கேட்டாள்: “வாங்க. எப்ப வந்திய?”

பின்னால் யாராவது நிற்கிறார்களா என்று நான் திரும்பிப் பார்த்தேன். யாரும் இல்லை. மாமியார் குளித்துக்கொண்டிருந்தார்.

“யாரும்மா?”

“அந்த ரூம்ல பேசிட்டு இருந்தாவளே. உன் நாத்தனாரா?”

“நான்தான்மா.”

 அம்மா கையை நீட்டி என் மணிக்கட்டைப் பிடித்து, வளையலைத் தடவிப் பார்த்தாள்.

“நீயா பேசுன?”

“ஆமா.”

“அவ்வொ மாதிரியே பேசுதியே ஏட்டி. ஒரு எழுத்து பெசகல.”

நான் சிரித்தேன். அம்மா சிரிக்கவில்லை. கோபமாகவும் இல்லை. விவரம் கேட்கிற குரலில்தான் கேட்டாள்.

“சொல்லிக் குடுத்தாவளா?”

“இல்லம்மா. நானாத்தான் மாறிக்கிட்டேன்.”

“எப்ப?”

 அம்மாவோடு பேசும்போது நான் எப்போதும் அம்மாவின் பேச்சையே பேசுவதாக நினைத்திருந்தேன். அதுவும் உண்மையில்லை என்று அப்போதுதான் கவனித்தேன். ‘மாறிக்கிட்டேன்’ என்று சொன்னது அந்த வீட்டுப் பேச்சுமில்லை, இந்த வீட்டுப் பேச்சுமில்லை. தொலைக்காட்சியில் பேசுவது மாதிரி இருந்தது.

சொட்டு மருந்து போடும் நேரம் வந்துவிட்டது. போட்டுவிட்டு எழுந்துவிட்டேன். ஆனால் ‘எப்ப’ என்ற கேள்வி அன்று முழுவதும் கூடவே இருந்தது. சாயங்காலம் துணி மடிக்கும்போது ஒன்று ஞாபகம் வந்தது. கல்யாணமான புதிதில் நான் ஏதாவது சொன்னால் மாமியார் “என்ன?” என்பார். திரும்பச் சொல்வேன். மறுபடி “என்ன?” என்பார். “வீட்டுல பால் இருக்கா” என்பது மாதிரி எளிய கேள்விதான். அவருக்குக் காது நன்றாகவே கேட்கும். மூன்றாம் தடவை அவர்கள் சொல்கிற மாதிரி சொன்னால் உடனே பதில் வரும். இது எத்தனை மாதம் நடந்தது என்று தெரியாது. ஒரு கட்டத்தில் “என்ன?” நின்றுபோனது. அதற்குள் நான் முதல் தடவையே சரியாகச் சொல்லப் பழகியிருந்தேன்.

குப்பத்துப் பெண்ணின் ஆசிரியை நினைவுக்கு வந்தார். எனக்குக் கோபம் வந்ததா என்றால், வந்தது. இவ்வளவு வருஷம் கழித்து, மடித்துக்கொண்டிருந்த வேட்டியோடு கோபம் வந்தது கொஞ்சம் வேடிக்கையாகவும் இருந்தது.

அடுக்களைக்குப் போனேன். மாமியார் தேங்காய் துருவிக்கொண்டிருந்தார். நேராகவே கேட்டுவிட்டேன். “அம்மா, நான் வந்த புதுசுல என்ன பேசினாலும் என்ன, என்னன்னு கேப்பேளே. என்னைத் திருத்தறதுக்காகவா கேட்டேள்?”

அவர் துருவுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார்.

“நான் எதுக்குடி உன்னைத் திருத்தணும்? எனக்கு நிஜமாவே புரியலை. நீ பேசறது அவ்வளவு வேகமா இருக்கும். தப்பாப் பதில் சொன்னா நீ ஏதாவது நெனச்சுண்டுட்டேன்னா? நானே பயந்துண்டிருந்தேன்.”

“பயமா? உங்களுக்கா?”

“பின்னே? கடை வெச்சிருக்கற ஆத்துப் பொண்ணு, டக்கு டக்குனு பேசறா, நம்மளைப் பத்தி என்ன நெனக்கறாளோன்னு இருக்காதா?”

அவர் சொன்னது உண்மையா என்று எனக்குத் தெரியாது. முழுப் பொய் என்றும் தோன்றவில்லை. முப்பது வருஷத்துக்கு முன் எழுந்த ஒரு “என்ன?”வின் உள்நோக்கம் அதைச் சொன்னவருக்கே இப்போது சரியாக நினைவிருக்குமா என்பதும் சந்தேகம். மேற்கொண்டு கேட்கவில்லை. அவர் தேங்காயை அரைத்துப் பால் எடுக்க ஆரம்பித்தார். அம்மாவுக்காகச் சொதி வைக்கப்போவதாகச் சொன்னார். சொதி எங்கள் பக்கத்துக் குழம்பு, தேங்காய்ப்பாலில் செய்வது. எப்போதோ என்னிடம் கற்றுக்கொண்டு பூண்டையும் வெங்காயத்தையும் விலக்கி அவர் வைப்பார். உறவுக்காரர்கள் வந்தால் ‘எங்காத்து சொதி’ என்று சொல்லித்தான் பரிமாறுவார்.

அம்மா சாப்பிட்டுப் பார்த்தாள். “இது சொதி இல்ல” என்றாள். மாமியார் முகம் சுருங்கியது. அம்மாவால் அதைப் பார்க்க முடியாது. “ஆனா நல்லா இருக்கு. இன்னும் கொஞ்சம் ஊத்துங்க” என்றாள்.

“பூண்டு இல்லாததுனாலயா?” என்று மாமியார் கேட்டார்.

“பூண்டு கெடக்கட்டும். இஞ்சித் துவையல் எங்க? அது இல்லாம சொதிய எப்படித் திங்கியது?”

மறுநாள் இஞ்சித் துவையல் அரைக்கப்பட்டது. அந்தச் சில வாரங்கள் அடுக்களையில் இருவரும் நிறையப் பேசினார்கள். மாமியார் அவ்வப்போது “என்ன?” என்பது கேட்கும். அம்மா அதே வேகத்தில், அதே பேச்சில், இன்னும் கொஞ்சம் சத்தமாகத் திரும்பச் சொல்வாள். எத்தனை தடவை கேட்டாலும் ஒரு சொல்லையும் மாற்றமாட்டாள். கடைசியில் மாமியார்தான் புரிந்துகொள்வார். எனக்கு ஏன் அன்றைக்கு அப்படிச் செய்யத் தோன்றவில்லை என்று யோசித்தேன். எனக்கு அப்போது இருபத்து மூன்று வயது. அந்த வீட்டில் எனக்கு இடம் வேண்டியிருந்தது. அம்மாவுக்கு வேண்டியிருந்தது சில வாரங்களுக்குப் படுக்க ஒரு கட்டில்.

அம்மாவை அண்ணன் வந்து அழைத்துப்போன பிறகு அடையாற்றுக்குப் போனேன். நடந்ததைப் பதிப்பகத்துப் பெண்ணிடம் சொன்னேன். 

“உங்க மாமியார் சொன்னத நம்புறீங்களாக்கா?”

“பாதி.”

“எங்க டீச்சரக் கேட்டா அவங்களும் ஏதாவது சொல்லுவாங்க போல” என்றார். பிறகு, “எங்க அம்மா என்கிட்ட ஒண்ணும் கேக்கல. நான் மாறினதுல அவங்களுக்கு சந்தோஷம். அதான் எனக்கு இன்னும் கஷ்டமா இருக்கு” என்றார். அதைப் பற்றி மேலே பேச அவர் விரும்பவில்லை. பக்கத்தை எடுத்தோம்.

கடைசியில் இரண்டு சொல்லையும் வைத்துக்கொண்டோம். குடியேறியவர்களைப் பற்றிய இடத்தில் சுமேரியமாதல். அரசர்களைப் பற்றிய இடத்தில் சுமேரியமாக்கல். அடிக்குறிப்பில், மூலத்தில் இரண்டுக்கும் ஒரே சொல்தான் என்றும், முதல் இடத்தில் எது பொருந்தும் என்பதை உறுதியாகச் சொல்லச் சான்று இல்லை என்றும் எழுதினேன். ‘சான்று இல்லை’ என்பதை ‘இன்னும் சான்று இல்லை’ என்று அவர் திருத்தினார். நான் அதை மறுக்கவில்லை.

புத்தகம் வந்தது. நங்கநல்லூரிலிருந்து ஒரு வாசகர் பதிப்பகத்துக்குத் தொலைபேசியில் அழைத்து, ஒரே சொல்லை இரண்டு விதமாக மொழிபெயர்த்திருப்பது கவனக்குறைவு என்று சொல்லியிருக்கிறார். அடிக்குறிப்பை அவர் பார்க்கவில்லை. அடிக்குறிப்பை யாரும் பார்ப்பதில்லை.

அடுத்த தை மாதம் அம்மாவுக்கு இடது கண்ணில் அறுவை சிகிச்சை. தன் வீட்டிலேயே கீழ்த்தளத்தில் கடையின் பின்னறையை ஒழித்துத் தருவதாக அண்ணன் சொன்னான். அம்மா வேண்டாம் என்று சொல்லிவிட்டு எங்கள் வீட்டுக்கு வந்தாள். காரணம் எதுவும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. கட்டு எடுத்த பிறகு ஒருநாள் மாலை இரண்டு பேரும் மாடவீதிப் பக்கம் நடந்துபோய் முருங்கைக்கீரை வாங்கி வந்தார்கள். கீரை முற்றலாக இருந்தது. வாங்கும்போது பார்க்கவில்லையா என்று மாமியார் கேட்டார். எனக்கே இப்பத்தான் கண்ணு தெரியுது, நீங்கதான் பாத்திருக்கணும் என்றாள் அம்மா. எட்டரை மணி வரைக்கும் அது தீரவில்லை. பேசிக்கொண்டே இருவருமாகக் கீரையை ஆய்ந்து முடித்தார்கள்.