குமார் நீட்டிய பாடப்புத்தகம்

நானும் என் கூட்டாளி குமாரும் செங்கல்பட்டு நூலகத்தில் ஒன்றாகப் படித்துத்தான் அரசுத் தேர்வு எழுதினோம். ஒரே ஒரு கேள்வி வித்தியாசத்தில் அவன் தேறினான், நான் தவறினேன். வயிறு எரிந்தது. அந்தக் கேள்விக்குத் தந்த விடைக்குறிப்பே தப்பென்று நீதிமன்றம் போனேன். எனக்கு வேலை கிடைப்பதைவிட அவனுக்குப் போகணும் என்பதுதான் என் ஆசை.

வக்கீல் ஆதாரமாகப் பழைய பாடப்புத்தகம் கேட்டார். எங்கு தேடியும் கிடைக்கவில்லை. கேள்விப்பட்டு குமாரே மதுராந்தகம் பஸ் ஸ்டாண்டுக்குக் கொண்டுவந்து நீட்டினான்.

"இந்தா மச்சான், நீ எழுதின பதில்தான் இதுல கீது."

"உன் வேலை போயிடுமேடா!"

"போனா இன்னொருவாட்டி எழுதிக்கிறேன். நீ இன்னாத்துக்குப் பேஜாராவுற?"

விடைக்குறிப்பு தந்த நிபுணர்களின் முடிவில் தலையிட முடியாதென்று வழக்கு தள்ளுபடியானது. அவன் வேலையில் சேர்ந்துவிட்டான். அந்த வேலைமேல் இருந்த பொறாமை எனக்கு ஆறிவிட்டது. அவன் மனசுமேல் வந்த பொறாமைதான் இன்னும் ஆறவில்லை.