மூன்றாவது வரிசையிலிருந்து சொன்னது

மயிலாப்பூரில் ஒரு நாடக அரங்கத்தில் பெருக்கித் துடைக்கிற வேலை பார்த்தேன். படிப்பு ஐந்தாம் வகுப்பு. எழுத்துக் கூட்டித்தான் எழுதுகிறேன். தப்பு இருந்தால் இருக்கட்டும்.

என் வீட்டுக்காரர் பெயிண்டர். தி.நகரில் ஒரு ஜவுளிக்கடையின் முன்பக்கச் சுவருக்கு பெயிண்ட் அடிக்கும்போது சாரத்திலிருந்து விழுந்து செத்தார். மூன்றாவது மாடி உயரம். தீபாவளிக்குப் பத்து நாள் இருந்தது. தள்ளுபடி பேனர் கட்ட இடம் வேண்டும் என்று கடை ஆட்கள் சாரத்தின் ஒரு பக்கக் கயிற்றை அவிழ்த்தார்கள். மேலே இருந்தவரிடம் சொல்லவில்லை. கூட வேலை செய்தவர் பார்த்திருக்கிறார். என்னிடம் சொன்னார். போலீசில் சொல்லவில்லை. அவருக்கும் அடுத்த வேலை வேண்டும்.

கடை மேனேஜர் போலீசிடம் ஆள் குடித்திருந்தான் என்றார். அப்படியே எழுதிக்கொண்டார்கள். என் வீட்டுக்காரர் மேல் அடித்தது பெயிண்டில் கலக்கிற தின்னர் வாசனை. பெயிண்டர் வீட்டில் குடியிருக்கிறவர்களுக்கு அது தெரியும், மற்றவர்களுக்குத் தெரியாது. அவருடைய அப்பா குடித்துக் குடித்துச் செத்தவர். அதைப் பார்த்து வளர்ந்ததால் இவர் தொட மாட்டார். கல்யாண வீட்டில் ஊற்றிக் கொடுத்தாலும் எழுந்து வந்துவிடுவார்.

ஆனால் சைதாப்பேட்டையில் எங்கள் சந்தில் குடித்துவிட்டு விழுந்தவர் என்றே ஆகிவிட்டது. தண்ணி லாரி வரும்போது குடம் இடித்துச் சண்டை வந்தால் என் மகளைப் பார்த்து, "குடிகாரன் பொண்ணுதானே, அப்படித்தான் பேசும்" என்பார்கள். அவளுக்கு அப்போது பதிமூன்று வயது. வீட்டுக்கு வந்து எதுவும் சொல்ல மாட்டாள். குடத்தை வைக்கிற சத்தத்தில் தெரிந்துவிடும்.

அவர் போய் இரண்டு வருஷம் கழித்து அந்த டைரக்டர் எங்கள் அரங்கத்துக்கு வந்தார். டெல்லியில் நாடகம் படித்தவர். வீடு அடையாறு. முப்பத்தைந்து வயது இருக்கும். கேபிள் டிவி வந்து சபா நாடகத்துக்குக் கூட்டம் குறைந்துபோன நேரம். மத்தியானங்களில் மாடி ஹால் சும்மா கிடந்தது. அங்கே ஏழெட்டுப் பேரை வைத்து ஒத்திகை பார்த்தார்.

சபா நாடகம் அவருக்கு ஆகாது. "மைக்குக்குக் கீழ வந்து நின்னு ஜோக் சொல்லிட்டுப் போறது நாடகமா?" என்பார். எனக்கு அந்த ஜோக்குகள் பிடிக்கும். சொல்லவில்லை. அவரிடம் நடிக்க வந்த பிள்ளைகள் நான் துடைத்த தரையில் நாலு காலில் ஊர்ந்தார்கள். குரங்கு மாதிரி உட்கார்ந்தார்கள். ஒருத்தர் கண்ணை ஒருத்தர் அரை மணி நேரம் பார்த்துக்கொண்டே இருந்தார்கள். கையில் எப்போதும் ஒரு தடிப் புத்தகம் வைத்திருந்தார். எந்த நாட்டுக்காரரோ எழுதினது. அதில் இருப்பதை வாசித்துச் சொல்லிவிட்டுத்தான் எதையும் செய்யச் சொல்வார்.

ஒரு நாள் அந்தக் குழுவில் இருந்த ஒரு பெண், செத்த புருஷனைப் பார்த்து அழுகிற மாதிரி நடித்தாள். ஓடி வந்து விழுந்து மாரில் அடித்துக்கொண்டாள். நான் துடைப்பத்தோடு கதவருகே நின்றேன். சிரிப்பு வந்துவிட்டது.

"என்னக்கா சிரிக்கிறீங்க?" என்றார் டைரக்டர்.

"ஒண்ணுமில்ல சார்."

"இல்ல, சொல்லுங்க."

"பார்த்த உடனே ஓட வராது சார். காலு வராது. நா அந்தக் கடை மாடிப்படில குந்திக்கினேன். ஒரு சேல்ஸ் பொண்ணு தண்ணி குடுத்துச்சு. அந்த டம்ளர எங்க வைக்கிறது, யார்ட்ட திருப்பிக் குடுக்கறதுன்னு அதேதான் யோசன. அழுகையெல்லாம் அப்புறம், நாலு பொம்பளைங்க வந்து கட்டிக்கினு அழும்போது."

"யார் செத்தது?"

சொன்னேன். கயிறு, பேனர், மேனேஜர், எல்லாவற்றையும் சொன்னேன். வாயைத் திறந்தது என் தப்பு. அந்தப் பெண் அழுதாள். டைரக்டர் அழவில்லை. தரையில் கிடந்த எதையோ கண்டெடுத்த மாதிரி அவர் முகம் ஆனது.

"இத நீங்களே மேடையில வந்து சொல்லணும். நடிகர் சொன்னா பொய். நீங்க சொன்னா சாட்சி" என்றார்.

நான் ஒன்றே ஒன்று கேட்டேன். "அவர் குடிக்கலன்னு சொல்லலாமா சார்?"

"தாராளமா சொல்லுங்க."

அதற்காகத்தான் ஒத்துக்கொண்டேன்.

ஒத்திகையில் அவர் சொன்னது ஒன்றுதான், அழக் கூடாது. "நீங்க அழுதா பார்க்கறவங்களும் அழுவாங்க. அழுது மனசு லேசாகி, கேன்டீன்ல போண்டா சாப்பிட்டுட்டு வீட்டுக்குப் போயிடுவாங்க. நீங்க அழாம சொன்னா அவங்க யோசிப்பாங்க."

அது எனக்குச் சரி என்றே பட்டது. போலீஸ் ஸ்டேஷனிலும் அழுதுகொண்டே சொன்னதை யாரும் காதில் வாங்கவில்லை. ஆனால் இன்னொரு நாள் ஒப்பாரி பொய் என்றார், அதை மட்டும் ஒத்துக்கொள்ள முடியவில்லை. எங்கள் பக்கத்தில் முகம் தெரியாத சாவுக்கும் போய் மாரடித்து அழுவோம். அது செத்தவருக்குச் செய்கிற மரியாதை.

"அது பழக்கம்க்கா. உண்மை வேற" என்றார்.

"லைட்டு போட்டு, டிக்கெட்டு வாங்கி உக்கார வச்சு, அழாம சொல்றது மட்டும் என்னா சார்? அதுவும் பழக்கந்தானே?"

சிரித்தார். அதையும் நோட்டில் எழுதிக்கொண்டார்.

முதல் ஆட்டம் ஒரு சனிக்கிழமை சாயங்காலம். வீட்டில் கட்டுகிற சேலையோடே நின்றேன். டம்ளரைச் சொன்னேன். கயிற்றைச் சொன்னேன். "எங்க வீட்டுக்காரர் குடிக்க மாட்டார். அன்னிக்கும் குடிக்கல" என்று சொன்னேன். டைரக்டர் சொல்லிக் கொடுத்தபடி அங்கே நிறுத்தினேன். ஒரு இருமல்கூட இல்லை.

மகளும் வந்திருந்தாள். ஆட்டம் முடிந்து கேன்டீன் பக்கம் நின்றோம். பட்டுப் புடவை கட்டிய ஒரு மாமி இன்னொரு மாமியிடம், "பாவம்டீ. அவ ஆத்துக்காரர் குடிக்கவே மாட்டாராம். இந்தக் கடைக்காரா எப்படிப் பொய் சொல்லியிருக்கா பாரு" என்றாள். என் மகள் என் கையைப் பிடித்தாள். இரண்டு வருஷத்தில் யாரோ ஒருத்தர் அப்படிச் சொல்லி அவள் கேட்டது அதுதான் முதல் தடவை. பஸ்ஸில் வரும் வழியெல்லாம் பேசிக்கொண்டே வந்தாள்.

இன்னும் மூன்று ஆட்டம் போட்டோம். நாலாவது ஆட்டம் முடிந்ததும் டைரக்டர் என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

"அக்கா, நீங்க நடிக்க ஆரம்பிச்சுட்டீங்க."

"நா எங்க சார் நடிச்சேன்?"

"நிறுத்தற இடம் தெரிஞ்சு நிறுத்தறீங்க."

"நீங்கதானே சார் அங்க நிறுத்தச் சொன்னீங்க?"

அதற்கு அவர் புத்தகத்தைப் புரட்டினார். பதில் அதில் இருந்திருக்கும். ஒரே விஷயத்தைத் திருப்பித் திருப்பிச் சொன்னால் சாட்சியும் நடிகையாகிவிடும் என்றார். இனிமேல் அந்தப் பெண்ணே சொல்லட்டும், அவள் நடிகை என்று எல்லாருக்கும் தெரியும், அதில் ஏமாற்று இல்லை என்றார். முதலில் நடிகர் சொன்னால் பொய் என்றவரும் அவர்தான். நான் சரி சார் என்றேன். யார் சொன்னால் என்ன, என் வீட்டுக்காரர் குடிக்கவில்லை என்று சொன்னால் போதும். அப்போது அப்படித்தான் நினைத்தேன்.

ஆறு மாசம் கழித்து நாடகத்தைப் பெரிதாக்கிக் கீழே பெரிய அரங்கத்தில் போட்டார்கள். இந்தத் தடவை புது வழி. நடிகர்களில் இரண்டு பேர் ஜனங்களோடு ஜனங்களாக நாற்காலியில் உட்கார்ந்திருப்பார்கள். நடுவில் எழுந்து மேடையைப் பார்த்துக் கேள்வி கேட்பார்கள். பார்க்கிறவர்கள் சும்மா பார்த்துக்கொண்டிருக்கக் கூடாது, அதற்காகத்தான் என்றார் டைரக்டர். எனக்கு மூன்றாவது வரிசையில் ஓர் இடம் கொடுத்தார். தினம் துடைக்கிற நாற்காலிதான். உட்கார்ந்தது அன்றைக்குத்தான்.

அந்தப் பெண் நன்றாகச் செய்தாள். டம்ளர் வந்தது. கயிறு வந்தது. கீழே உட்கார்ந்திருந்த ஒருத்தன் எழுந்து, "உன் புருஷன் குடிச்சிருந்தானா இல்லையா?" என்று கேட்டான். நான் காத்திருந்தேன்.

அவள் சொன்னாள். "ஆமா, குடிச்சிருந்தாரு. குடிச்சவன்னா கயித்த அவுக்கலாமா?"

கேள்வி நல்ல கேள்விதான். இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் அந்தக் கேள்வியை வேறு யாருடைய புருஷனையாவது வைத்துக் கேட்டிருக்கலாம்.

எப்படி எழுந்தேன் என்று தெரியாது. நின்றுகொண்டிருந்தேன். "இல்ல. அவர் குடிக்கல. குடிக்கவே மாட்டார். நாந்தான் அவர் பொண்டாட்டி. பொய் சொல்லாத" என்றேன். சத்தமாகத்தான் வந்தது.

ஜனம் கை தட்டியது.

மேடையில் அந்தப் பெண்ணுக்கு நான் யார் என்று தெரியும். அவள் வசனத்தை மறந்து அப்படியே நின்றுவிட்டாள். அதற்கும் கை தட்டினார்கள். நான் மறுபடியும், "நெசமாத்தான் சொல்றேன்" என்றேன். இன்னும் பலமாகத் தட்டினார்கள். பக்கத்தில் கண்ணாடி போட்ட ஒரு பெரியவர் என் பக்கம் சாய்ந்து, "பிரமாதம்மா. நிஜமா நடக்கற மாதிரியே பண்றேள்" என்றார். நான் உட்கார்ந்துவிட்டேன்.

ஆட்டம் முடிந்ததும் டைரக்டர் ஓடி வந்தார். கோபம் இல்லை. கண் கலங்கியிருந்தது. அவர் கண் கலங்கி அன்றைக்குத்தான் பார்த்தேன்.

"அக்கா, இதத்தான் நான் தேடிட்டிருந்தேன். நாளைக்கும் எழுந்து சொல்லுங்க. இதே இடத்துல."

"நீங்க அந்த வசனத்த மாத்துங்க சார்."

"மாத்தினா அந்தக் கேள்வி செத்துடும்க்கா."

"மனுசனே செத்துட்டாரு சார்."

"அவர் குடிச்சாரா இல்லையாங்கறது இங்க முக்கியமில்ல. புரிஞ்சுக்கங்க. குடிக்காத நல்லவன் செத்தா பாவம்னு சொல்லிட்டுப் போயிடுவாங்க. குடிச்சவன் செத்தா..."

"எனக்கு அதுதான் சார் முக்கியம்."

புத்தகத்தைத் திறந்து காட்ட வந்தார். எனக்கு இங்கிலீஷ் தெரியாது என்பது அப்போதுதான் அவருக்கு ஞாபகம் வந்தது.

பின்பக்கக் குழாயடியில் துணியை அலசும்போது அந்தப் பெண் வந்தாள். "நான் வேணாம்னு சொல்லிப் பார்த்தேங்க்கா. எழுதினது அவர்" என்றாள். நான் துணியைப் பிழிந்து கொடியில் போட்டேன். அவள் உள்ளே போனாள்.

மறுநாள் ஆட்டத்தின்போது நான் உள்ளே போகவில்லை. கேன்டீன் பக்கம் பெருக்கிக்கொண்டிருந்தேன். உள்ளே கை தட்டல் கேட்டது. பெரிய கை தட்டல். சற்று நேரத்தில் வாட்ச்மேன் வந்து என்னைப் பார்த்து முழித்தார்.

"இன்னாம்மா, நீ இங்க கீற?"

"வேற எங்க இருப்பேன்?"

"அப்ப உள்ள கத்துனது யாரு? மூணாவது வரிசைல ஒரு பொம்பள எய்ந்து நின்னு, எம் புருசன் குடிக்க மாட்டாருன்னு கத்துச்சு. இதே மாரி நூல் சேலதான் கட்டிகினு கீது. நா நீதான்னு நென்ச்சேன்."

அன்றைக்கு மட்டும் இல்லை. போட்ட ஆட்டம் எல்லாவற்றிலும் டைரக்டர் உட்கார வைத்த ஒருத்தி அந்த நாற்காலியிலிருந்து எழுந்து அதையே சொன்னாள். பத்திரிகையில் புகழ்ந்து எழுதியிருந்தார்கள். மேடைக்கும் ஜனத்துக்கும் நடுவில் இருந்த சுவரை உடைத்துவிட்டார்களாம். மகள்தான் வாசித்துக் காட்டினாள். பாதியில் மடித்து வைத்துவிட்டாள்.

எங்கள் சந்தில் ஒருத்தி மயிலாப்பூரில் ஒரு வீட்டில் சமையல் வேலை செய்கிறாள். அந்த வீட்டுக்காரர்கள் நாடகத்துக்குப் போய்விட்டு வந்து பேசியிருக்கிறார்கள். தண்ணி லாரி வந்த அன்றைக்கு அவள் எல்லார் எதிரிலும் என் மகளைக் கேட்டாள். "உங்கப்பன் குடிச்சிருந்தான்னு டிராமாவுலயே சொல்லிட்டாங்களாமே. உங்கம்மா வேல செய்ற எடத்துலயே. இன்னும் என்னா இல்லங்கற?"

மகள் குடத்தோடு வீட்டுக்கு வந்தாள். பாதிக் குடம்தான் இருந்தது. வாசலில் நின்றபடியே கேட்டாள்.

"நீ ஏம்மா அங்க போய் சொன்ன?"

உலை கொதித்தது, அரிசி போடப் போய்விட்டேன். அவளுக்கு இப்போது கல்யாணமாகிவிட்டது. அவளும் மறுபடி கேட்கவில்லை. இப்போது அவளுக்கு எழுதுகிறேன். உன் அப்பா குடிக்கவில்லை என்று நாலு பேர் காதில் விழ வேண்டும் என்றுதான் போனேன். வேறு இடம் எனக்குத் தெரியவில்லை.