ஒரு சாக்குத் தேயிலை நார்

எனக்குக் கோபம் வந்தா யோசனை எல்லாம் அப்புறம்தான். ரிங்லெட் ஊருக்கு மேல மலையில உள்ள எங்க தேயிலை பேக்டரியில இது எல்லாருக்கும் தெரியும். நான் தேயிலை சலிக்கிற அறையில, என் தம்பி அதைக் காய வைக்கிற விறகு அடுப்புல.

காஞ்ச தேயிலையைச் சலிக்கும்போது நார் பிரியும். பஞ்சு மாதிரி பறந்து மூக்கு, இமை எல்லாம் ஒட்டும். அதைச் சாக்குல கட்டி எரிக்க அடுப்புக்குக் கொண்டுபோவோம். தண்ணி தெளிச்சு, கொஞ்சம் கொஞ்சமாத்தான் போடணும். சேர்ந்த முதல் நாளே இதைத்தான் சொல்லிக் கொடுப்பாங்க.

அன்னிக்குக் காலையில டீ குடிக்கிற நேரம். நான் புருஷனை விட்டுட்டு வந்து ஆறு மாசம். தம்பி எல்லார் முன்னாலயும் அதைத் தலைகீழாத் திருப்பி, "அக்கா தொல்லை தாங்காம மச்சான் கட்டின துணியோட ஓடிட்டாரு லா"ன்னான். சிரிச்சாங்க. பளார்னு ஒண்ணு வச்சேன். அவன் என் முடியைப் பிடிச்சு மூட்டை மேல தள்ளினான். உதடு கிழிஞ்சு ரத்தம். கங்காணி வந்து, "சனியனுங்களா, போய் வேலையைப் பாருங்க"ன்னு விலக்கிவிட்டாரு.

நார்ச் சாக்கைத் தூக்கிக்கிட்டு அடுப்புக்குப் போனேன். தம்பி அடுப்புக் கதவைத் திறந்து கட்டை தள்ளிக்கிட்டிருந்தான். "வந்துட்டா மகாராணி"ன்னான். அவன் தோளுக்கு மேலால சாக்கை அப்படியே அடுப்புக்குள்ள கவுத்தேன். காய்ஞ்ச நார், முழுச் சாக்கு. தண்ணி தெளிக்க மறந்துட்டேன்னு பொய் சொல்ல மாட்டேன். புகை அடிச்சு இருமட்டும், மூஞ்சி கரியாகட்டும்னு நினைச்சேன், அவ்வளவுதான்.

டமார்னு நெருப்பு வெளிய பாய்ஞ்சுது. அவன் தலைமுடி பொசுங்குச்சு. முகத்தைப் பொத்துன கையில தோல் தொங்குச்சு. பக்கத்துல கிடந்த ஈரச் சாக்கைப் போட்டு, அவன் மேல விழுந்து தீயை அணைச்சேன்.

மறுநாள் பேக்டரி மேலாளர் துரை ஆஸ்பத்திரிக்கு வந்து, "யார் கொட்டினது?"ன்னு கேட்டாரு. கண்ணுல கட்டோட, "நாந்தான் துரை, அவசரத்துல"ன்னான் தம்பி. அவர் போனதும், "ஏன்டா அப்படிச் சொன்ன?"ன்னு அழுதேன்.

"உனக்கு வேலை போனா தோட்டம் கொடுத்த லைன் வீடும் போகும். நான் கம்போங் ராஜா ஊருல மாமனார் தோட்டத்துக்குப் போயிருவேன். நீ எங்கக்கா போவ?"

தம்பிக்கு ஒரு கண்ணு போயிருச்சு. வேலையும் போச்சு.

அடுத்த மாசம் பாதுகாப்பு அதிகாரி ஒருத்தர் வந்து எங்களை உட்கார வச்சாரு. விறகு, பருத்தி, காகிதம், இந்த நார் எல்லாத்துக்கும் உடம்பு செல்லுலோஸ்தான்னாரு. சின்னச் சின்னச் சர்க்கரை கைகோத்து நீளமா நிக்குமாம். அதனாலதான் மரம் நிமிர்ந்து நிக்குதாம். மாடு தின்னா செரிக்கும், நமக்குச் செரிக்காதாம். கட்டைக்குத் தீக்குச்சி காட்டினாரு, பத்தல. ஒரு பிடி நாரை மெழுகுவத்தி மேல தூவினாரு. குப்புன்னு மேல எழும்புச்சு. கட்டைக்குள்ள காத்துப் புகாது, தூவுன நாருக்குச் சுத்தியும் காத்து, அதான் மொத்தமா ஒரே நேரத்துல பிடிக்குதுன்னாரு. அந்தக் கருகின வாடைக்கு நான் முந்தானையால மூக்கைப் பொத்திக்கிட்டேன்.

"இதைப் போய் எந்த முட்டாள் காய்ஞ்சபடி கொட்டினான்?"ன்னு கேட்டாரு.

எல்லாரும் என்னைத் திரும்பிப் பார்த்தாங்க, கொட்டினதா ஒத்துக்கிட்டவனோட அக்கா ஆச்சே.

"என் தம்பிதான் சார்"னேன். "அவன் யார் சொன்னாலும் கேக்க மாட்டான்."