வேப்பமரத்துக் குழாயில் எங்கள் பாட்டு

போன வாரம் காஞ்சிபுரத்தில் முடிவெட்டிக்கொள்ள உட்கார்ந்திருந்தேன். சலூன்காரர் போனில் ஒரு பாட்டைப் போட்டுவிட்டு, "நம்ம உத்திரமேரூர் பசங்க பேண்டுண்ணா. கேட்டுகிறியா?" என்றார். "இல்லியே" என்றேன். கழுத்தில் துணியைக் கட்டியபிறகு எழுந்து ஓடவா முடியும்? அந்தப் பாட்டை எழுதியவனே நான்தான்.

கழுத்தில் கிடந்த ஈரத்துணியின் வாசனை என்னை நேராக நசீர் பாயின் மைக்செட் கொட்டகைக்கு இழுத்துப்போனது. மழையில் நனைந்து காயாத ஷாமியானா, எலிப்புழுக்கை, சூடேறிய ஆம்ப்ளிபயர் எல்லாம் கலந்த வாசனை அங்கே. எங்கள் ராக் பேண்டு பிறந்த இடம் அதுதான். தினேஷ் கிட்டார், ஜான் டிரம்ஸ், நான் பாட்டு. ஒத்திகைக்கு நாள் பார்க்கத் தினசரி காலண்டரைக் கிழித்த பேண்டு உலகத்திலேயே நாங்களாகத்தான் இருப்போம். முகூர்த்த நாளென்றால் பாயின் மைக்கெல்லாம் கல்யாணத்துக்குப் போய்விடும். ஊரே தை பிறக்கக் காத்திருக்கும்போது, ஐயோ தை வருகிறதே என்று நாங்கள் கவலைப்படுவோம்.

எங்களிடம் உருப்படியாக இருந்தது ஒரே ஒரு பாட்டு. ஏரிக்கரையில் கை காட்டியும் நிற்காமல் போகும் டவுன் பஸ்ஸைப் பற்றியது. சென்னையில் இரண்டு நாள் தங்கி ஒலிப்பதிவு செய்தோம். கண்ணாடி அறைக்குள் நின்று தொண்டை கட்டும்வரை பாடினேன். வெளியே வந்ததும் தினேஷ் கட்டிப்பிடித்துக்கொண்டான். அவன் கண்கூடக் கலங்கியிருந்தது.

பாட்டு இணையத்தில் வெளியான ஞாயிற்றுக்கிழமை காலையில் நான் ஒரு முட்டாள்தனம் செய்தேன். எங்கள் பக்கம் நல்ல காரியம் எதுவானாலும் குழாய் ஸ்பீக்கர் கட்டித் தெருவுக்கே கேட்கவைப்போம். பாயிடம் சொல்லி வேப்பமரத்தில் இரண்டு குழாய் கட்டினேன். முன்னாடியே ஒரு தடவை தனியாகக் கேட்டிருக்கலாம். முதல்முறை கேட்டால் தெருவோடு சேர்ந்துதான் என்று ஒரு வீம்பு.

கிட்டார் எங்களுடையது. டிரம்ஸ் எங்களுடையது. வரிகள் என்னுடையவை. குரல் மட்டும் வேறு எவனுடையதோ. வழவழவென்று, வாழ்நாளில் ஒரு பஸ்ஸுக்கும் கை காட்டியிராத குரல்.

பாய் என்னை ஒருமுறை பார்த்துவிட்டுச் சத்தத்தைக் கொஞ்சம் குறைத்தார். மற்றவர்கள் கை தட்டினார்கள். "கொரலு தேனாட்டம் கீதுடா!" என்று முதுகில் தட்டினார்கள். பக்கத்து வீட்டு அக்காவுக்குத்தான் சந்தேகம். "இன்னாம்மா, உம்புள்ள கொரலு மாரியே இல்லியே?" என்று அம்மாவிடம் கேட்டாள். அம்மா விடவில்லை.

"மிஷின்ல பாடனா அப்டித்தான் மாறும். எம்புள்ள கொரலு எனக்குத் தெரியாதா?"

நானும் தலையாட்டினேன். அத்தனை பேருக்கு நடுவில் வேறென்ன செய்ய?

கொட்டகைக்குப் பின்னால் போய் தினேஷைப் போனில் பிடித்தேன்.

"ஸ்டுடியோகாரருதான் உன் கொரலு முரடா கீதுன்னு வேற ஆள பாட வெச்சாரு. சொன்னா நீ பேஜாராயிடுவன்னுதான் சொல்லல மச்சான்."

"செரி, நான் பாடனத அனுப்பு."

"அத அப்பவே அழிச்சிட்டேன்டா. கம்ப்யூட்டர்ல எடமில்ல."

குரலை மாற்றியதைக்கூட என்றாவது மன்னித்திருப்பேன். அழித்ததை இன்றுவரை மன்னிக்க முடியவில்லை. துரோகம் என்ற சொல்லை அதுவரை பாட்டில் எழுதத்தான் பயன்படுத்தியிருந்தேன்.

பாயின் கொட்டகை இருந்த இடத்தில் இப்போது செல்போன் கடை. குழாய்கள் பழைய இரும்புக்குப் போய்விட்டன. ஜான் எங்கேயோ துபாயில் இருக்கிறான். நான் அன்றைக்குப் பிறகு பாடவே இல்லை.

அம்மாவும் போன வருடம் போய்விட்டாள். படுக்கையில் கிடந்த நாட்களில் தினமும் அந்தப் பாட்டைப் போடச் சொல்வாள். வருகிறவர்களிடமெல்லாம் "எம்புள்ள பாடனது" என்பாள். ஒருநாள் மத்தியானம் என் கையைப் பிடித்துக்கொண்டு, "போன் வாணான்டா, நீயே பாடேன்" என்றாள்.

தொண்டை சரியில்லை என்று சொல்லிவிட்டு போனையே போட்டேன். பாடியிருந்தால் அவளுக்குத் தெரிந்துபோயிருக்கும்.