டிரான்ஸ்பர் பூச்சி

கள்ளிக்குப்பத்தில் எங்கள் அடுக்ககத்துக்குப் பின்னால் புல்வெட்டும் மெஷின் ஓடிக்கொண்டிருந்தது. திடீரென்று அதற்குள்ளிருந்து கலகலவென்று ஒரு சத்தம். காய்ந்த கிலுகிலுப்பைக் காய்கள்!

சின்ன வயதில் நாங்கள் இருந்த ஆவடி குவார்ட்டர்ஸில் எங்கள் வேலி முழுக்க அந்தச் செடிதான். மழைக்கு முன்னால், கறுப்பில் நீல வரி போட்ட பட்டாம்பூச்சிகள் கூட்டமாக வந்து அதன் காய்ந்த தண்டுகளை உறிஞ்சிக்கொண்டு தொங்கும். சில நாளில் மொத்தமாகக் கிளம்பிவிடும். தொழிற்சாலையில் வேலை பார்த்த அப்பா அவற்றை ‘டிரான்ஸ்பர் பூச்சி’ என்பார். அவை இருக்கும்வரை சைக்கிளை வேலியில் சாய்க்க மாட்டார்.

“திரும்ப வருமாப்பா?”

“வராம எங்கல போகும்? தங்க எடம் இருக்குல்லா.”

நான் கீழே ஓடினேன். வெட்டுகிறவர் மெஷினை நிறுத்தினார்.

“அல்லாம் முடிஞ்சிட்சு சார். பாம்பு வர்துன்னு நாளிக்கு சிமெண்ட் போட்றாங்க.”

ஒரே ஒரு நீலவரிப் பூச்சி வெட்டிய இடத்தைச் சுற்றிச் சுற்றி வந்தது. பிறகு குப்பைப் பைக்கு வெளியே நீட்டிக்கொண்டிருந்த காய்ந்த தண்டில் உட்கார்ந்து உறிஞ்சத் தொடங்கியது.

அவர் பையின் வாயைக் கட்டக் குனிந்தார்.