முன்பல் இல்லாத எங்கள் அண்ணா

பிறந்த ஊரின் வளம், குலத்தின் பெருமை, கோயிலின் கீர்த்தி எல்லாவற்றையும் பாடி முடித்த பிறகுதான் இத்தகைய நினைவு மலர்களில் இறந்தவரை உள்ளே வர விடுவார்கள். அண்ணா அவ்வளவு நேரம் வாசலில் காத்து நிற்கக்கூடியவர் அல்லர். ஆகவே நேராகச் சொல்கிறேன். எங்கள் அண்ணா யாழ்ப்பாணத்து வடமராட்சியில் பிறந்தார். பள்ளிச் சிறுவனாக டென்மார்க் வந்து ஹொல்ஸ்டெப்ரோவில் வளர்ந்தார். ஐஸ் ஹொக்கி விளையாடினார். எங்களுக்குத் தெரிந்த தமிழர்களில் அந்த விளையாட்டை முதலில் ஆடியவர் அவர்தான். இதை இப்போது எல்லோரும் பெருமையாகச் சொல்கிறீர்கள். அன்று நீங்கள் சொன்னதையும் நான் மறக்கவில்லை.

அப்பா இறைச்சித் தொழிற்சாலையில் வேலை செய்தார். அண்ணாவின் வகுப்புத் தோழன் ஒருவனின் தந்தை, பக்கத்து நகரத்துப் பனி அரங்குக்கு இரண்டு பேரையும் தம் காரில் ஏற்றிச் செல்வார். யாரோ போட்டுக் கழித்த சறுக்குச் சப்பாத்து, யாரோ ஆடிக் கைவிட்ட மட்டை. அண்ணா விழுந்து விழுந்து பழகினார். குளிருக்குப் பயந்து ஜன்னலையே திறக்காத எங்கள் உறவினர்கள், இதைக் கேள்விப்பட்டதும் அந்தக் குளிரிலேயே வீடு தேடி வந்துவிட்டார்கள்.

"ஐஸில தடி பிடிச்சுக்கொண்டு ஓடுறது எங்கட ஆக்களின்ர வேலையோ? பொடியன் கெட்டுப்போகப்போறான்" என்றார் பெரிய மாமா. அம்மாவின் அண்ணனான அவர்தான் அப்போதும் தமிழ்ச் சங்கத் தலைவர், இப்போதும் சங்கத் தலைவர். ஒரே கதிரையில் உட்கார்ந்திருப்பதை விளையாட்டாகச் சேர்த்தால் பதக்கம் அவருக்குத்தான்.

"ஓம் மச்சான், நான் அவனோட கதைக்கிறன்" என்றார் அப்பா. அவர் கதைக்கவேயில்லை. அதற்காக அப்பாவை இன்றும் கும்பிடுகிறேன்.

அண்ணா பெரிய வீரர் அல்லர். இந்த மலரிலும் பொய் எழுத எனக்கு விருப்பமில்லை. கழகத்தின் இரண்டாம் அணியில் தடுப்பாட்டக்காரராக நின்றார். எதிரணி அடிக்கும் அந்தக் கறுப்பு இறப்பர் வில்லைக்குக் குறுக்கே போய் விழுவதுதான் அவர் வேலை. ஒருநாள் அது வாயில் பட்டு மேல் முன்பற்கள் இரண்டும் போயின. பொய்ப்பல் கட்டினார்கள். ஆடும்போது கழற்றி வைப்பார், பிறகு போட மறப்பார். நாளடைவில் போடுவதையே விட்டுவிட்டார். முதியோர் இல்லத்தில் பராமரிப்பு வேலைக்குப் போனபின், "அங்க எனக்குத்தான் பல்லுக் கூட" என்று சிரிப்பார்.

விபோர்க் நகருக்குப் பெண் பார்க்கப் போனோம். "தம்பி, அங்க வாயைத் திறந்து சிரிச்சுப்போடாத" என்று மாமா வழி முழுக்கச் சொல்லிக்கொண்டு வந்தார். அண்ணி தேநீர் கொண்டு வந்த நேரத்தில் மாமா தம் பதவிகளை ஒவ்வொன்றாக எடுத்துவிட்டுக்கொண்டிருந்தார். அண்ணாவால் அடக்க முடியவில்லை. ஓட்டை தெரிய வாய்விட்டுச் சிரித்தார். தேநீர்த் தட்டோடு நின்ற அண்ணியும் சிரித்துவிட்டார். கல்யாணம் அந்த இடத்திலேயே முடிவானது. தாம் பேசி முடித்த சம்பந்தம் என்று மாமா இன்னும் சொல்லித் திரிகிறார்.

பிறகு கணையத்தில் புற்றுநோய் வந்தது. அணித் தோழர்கள் முறை வைத்து வந்து கட்டிலருகில் இருந்தார்கள். ஒருவர் முகம் மழித்துவிட்டார், இன்னொருவர் கால் பிடித்துவிட்டார். உறவினர்கள் வாட்ஸ்அப்பில் தாமரைப்பூ அனுப்பினார்கள். நேரில் வந்த சிலரும் "சாப்பாட்டைக் கவனிக்கேல்லையோ?" என்று அண்ணியிடம் விசாரணை நடத்திவிட்டுப் போனார்கள். ஒரு மாலை, அண்ணியின் கையைப் பிடித்தபடி அண்ணா கண்ணை மூடினார்.

செத்த வீட்டில் மாமா ஒலிவாங்கியைப் பிடித்தார். "பனியில தமிழன்ர பேரைப் பதிச்ச வீரன்! சின்னனிலேயே நாங்கள்தான் ஊக்கம் குடுத்தனாங்கள்!" அணித் தோழர்கள் தலை குனிந்து கேட்டுக்கொண்டிருந்தார்கள். தமிழ் தெரியாதது அவர்களின் அதிர்ஷ்டம்.

முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிச் சடங்கில் கொடுக்கும் மலரை அச்சடிக்கும் பொறுப்பையும் மாமாவே எடுத்துக்கொண்டார். நம்மவர் யார் இறந்தாலும் அச்சகத்தில் அவர் படத்துக்குக் கணினி வழியே கோட்டும் டையும் மாட்டிவிடுவது வழக்கம். வாழ்நாளெல்லாம் இடுப்பில் சாரம் கட்டிய மனிதரும் வங்கி முகாமையாளராகத்தான் மேலுலகம் போகிறார். அண்ணாவுக்கு நீலக் கோட், சிவப்பு டை, வெளுத்த முகம், வாய் நிறையப் பற்கள்.

அண்ணி முதற்பிரதியைக் கையில் வாங்கிப் பார்த்தார். "இது ஆர்?" என்று கேட்டார். கேலியாகக் கேட்கவில்லை. அவருக்கு உண்மையாகவே தெரியவில்லை. தெரிந்தபோது மலரைக் கவிழ்த்து வைத்துவிட்டு அழுதார். செத்த வீட்டில்கூட அவர் அப்படி அழவில்லை. இருந்த ஒரு முகத்தையும் அவரிடமிருந்து பறித்துவிட்டார்களே!

உடனே தொலைபேசி எடுத்தேன். "மாமா, அண்ணைக்கு முன்பல் இல்லை."

"விசர்க்கதை கதைக்காத பிள்ளை. பல்லில்லாமல் அடிச்சால் சனம் சிரிக்கும்."

"சிரிக்கட்டும். அண்ணையும் படத்தில சிரிச்சுக்கொண்டுதானே நிக்கிறார்."

"அப்ப உன்ர பாட்டில நீயே அடி" என்று வைத்துவிட்டார். என் பாட்டில் நானே அச்சடித்த மலர்தான் இப்போது உங்கள் கையில் இருக்கிறது. ஓட்டை தெரிய அண்ணா சிரிக்கும் அட்டைப்படம் அண்ணி எடுத்தது. அணி தோற்ற நாள் அது.

அண்ணாவைக் காரில் ஏற்றிச் சென்ற அந்தத் தந்தைக்கும், கட்டிலருகில் இருந்த தோழர்களுக்கும், கடைசிவரை வலி தெரியாமல் பார்த்த தாதியருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. உறவினர்களுக்கும் நன்றி. தாமரைப்பூக்கள் எல்லாம் வந்து சேர்ந்தன.

மாமா அச்சடித்த பிரதிகள் பெட்டி உடைக்காமல் அவர் வீட்டில் இருக்கின்றன. கோட் போட்ட அந்த மனிதருக்கு அஞ்சலி செலுத்த விரும்புவோர் அங்கே போகலாம். எங்கள் வீட்டில் அவரை எவருக்கும் தெரியாது.

தங்கை