ராத்திபுப் பெட்டி

ஈஸ்டர் ஞாயிறன்று தேவாலயங்களில் குண்டுகள் வெடித்த பிறகு, எங்கள் பக்கத்தில் முஸ்லிம் வீடுகளில் கத்தி வைத்திருக்கவே பயமாக இருந்தது. கல்முனையைச் சுற்றி வீடு வீடாகத் தேடுதல் நடந்தது. என் மனைவி இறைச்சிக் கத்தியைச் சீலையில் சுற்றிக் கிணற்றுக்குள் போட்டாள். பள்ளிவாசலில் இருந்த பெட்டி மட்டும் ஒருவருக்கும் நினைவு வரவில்லை.

எங்கள் பள்ளிவாசல் மிகப் பழையது. அதன் பக்கத்து அறையில் இருந்த மரப்பெட்டியில் றபான் மேளங்களும் ராத்திபுக்கான இரும்புகளும் கிடந்தன. ரிபாயி என்ற சூஃபி வழியைப் பின்பற்றுகிறவர்கள் வருடத்துக்கு ஒரு தடவை வட்டமாக அமர்ந்து, றபான் அடித்து அறபுப் பைத்துகள் பாடுவார்கள். பாட்டு உச்சத்துக்கு ஏறும்போது சிலர் எழுந்து இரும்பு ஊசியைக் கன்னத்தில் ஏற்றுவார்கள். இதுதான் ராத்திபு. என் வாப்பாவும் அப்படிச் செய்தவர். நானோ வளர்ந்த பிறகு அது மார்க்கத்தில் இல்லாத காரியம் என்று நம்பினேன். பள்ளிவாசல் கூட்டமொன்றில் எழுந்து, ராத்திபை நிறுத்த வேண்டும் என்று பேசியும் இருந்தேன். அன்றிலிருந்து அதை நடத்தும் கலீபா என்னோடு ஸலாமுக்கு மேல் ஒரு வார்த்தை பேசியதில்லை.

ஒரு காலையில் பாங்கு சொல்லும் மோதினார் எனக்குப் போன் எடுத்தார்.

"தம்பி, ஆமிக்காரனுகள் பள்ளிக்கி வந்திரிக்கானுகள். ஒனக்குத்தான் சிங்களம் தெரியும். கெதியா வா."

சிங்கள ஊரான மாத்தறையில் துணிக்கடையில் எட்டு வருடம் நின்றவன் நான். ஓடிப்போனேன். வாசலில் மோப்ப நாயோடு பத்துப் பன்னிரண்டு சிப்பாய்கள் நின்றார்கள். நாயை மட்டும் உள்ளே விட வேண்டாம் என்று கேட்டேன். இளம் அதிகாரி யோசித்துவிட்டுத் தலையசைத்தார். பக்கத்து அறை வாசலில் கலீபா சாவியோடு நின்றார். என்னைக் கண்டதும் அவர் முகம் இன்னும் வெளிறியது.

பெட்டியைத் திறந்தார்கள். றபான்களுக்கு அடியில் பச்சைத் துணி. அதை விலக்கிய சிப்பாய் ஓரடி பின்வாங்கினான். உடனே ஒரு துவக்கின் குழல் எங்கள் பக்கம் திரும்பியது. நீண்ட ஊசிகளும் நாலைந்து குறுங்கத்திகளும் உள்ளே கிடந்தன.

"இது எதற்கு?" என்று அதிகாரி சிங்களத்தில் கேட்டார்.

எனக்கும் இதற்கும் சம்பந்தமில்லை என்று சொல்லியிருக்கலாம். அது பொய்யும் இல்லை. கலீபா மெல்லிய குரலில் சொன்னார்: "நீ நினைக்கிறதச் சொல்லு தம்பி. பொய் மட்டும் சொல்லாத."

"யாரையும் வெட்டுவதற்கு அல்ல ஐயா. தங்கள் உடம்பிலேயே குத்திக்கொள்வதற்கு" என்றேன்.

தற்கொலைக் குண்டுகள் வெடித்த நேரத்தில் அந்தப் பேச்சு எப்படிக் கேட்கும் என்பது சொன்ன பிறகுதான் உறைத்தது. அதிகாரி என்னை நெருங்கி வந்தார்.

"யார் குத்திக்கொள்வது? நீயா?"

"என் வாப்பா. வழிபாடு மாதிரி ஒன்று. பாட்டுப் பாடி, ஊசியைக் கன்னத்தில் ஏற்றுவார்."

"கண்ணால் பார்த்தாயா?"

"ஒன்பது வயதில். முன்னால் உட்கார்ந்து பார்த்தேன்."

"வலிக்காதா?"

"இல்லை என்றுதான் வாப்பா சொன்னார்."

அப்போது பின்னாலிருந்து வயதான சார்ஜன்ட் ஒருவர் வந்து ஓர் ஊசியைக் கையில் எடுத்துப் பார்த்தார்.

"சேர், நான் கதிர்காமத்துக்காரன். அங்கே பள்ளிவாசலில் கொடி ஏற்றிய நாட்களில் பாவா என்கிற பக்கீர்கள் இதைத்தான் செய்வார்கள். சின்ன வயதில் வேலிக்கு வெளியே நின்று பார்த்திருக்கிறேன்."

துவக்கு தாழ்ந்தது. ஆனாலும் இரும்புகளைப் பொலிசில் ஒப்படைக்கத்தான் வேண்டும் என்றார் அதிகாரி. என்னையும் கலீபாவையும் ட்ரக்கில் ஏற்றினார்கள். தெருவில் கதவுகள் சாத்தப்பட்டன. பொலிசில் பின்னேரம் அஸர் தொழுகை வரைக்கும் விசாரித்தார்கள். இந்த மனிதருக்கு நீ பொறுப்பா என்று கேட்டபோது, யோசிக்காமல் கையெழுத்துப் போட்டேன். இருவரையும் விட்டார்கள்.

ஓட்டோவில் திரும்பும்போது கலீபா கேட்டார்: "ராத்திபு கூடாதெண்டு இப்பயும் சொல்லுவயா?"

"ஓம். என்ட நினைப்பு மாறல்ல."

"அப்ப அத அவனுக்கிட்டச் சொல்லியிரிக்கலாமே?"

"அவன் அதக் கேக்கல்லயே. என்ன சாமான் எண்டுதானே கேட்டான்."

அவர் என் பக்கம் திரும்பி உட்கார்ந்தார். பிறகு, "ஒன்ட வாப்பாவுக்கு ஒரு தடவ நல்லா நொந்திரிக்கி. மூணு நாள் சோறு தின்ன ஏலாமக் கிடந்தாரு. ஒனக்குத் தெரியப்படாதெண்டு ஊரிலயே இல்லாத மாதிரி எங்கட ஊட்டதான் இரிந்தாரு" என்றார். வாப்பா வயல்வாடிக்குக் காவலுக்குப் போயிருக்கிறார் என்று உம்மா அப்போது சொன்னது எனக்கு நினைவிருந்தது.

ஒரு வருடத்துக்கும் மேலாக இழுபட்டுத்தான் நீதிமன்றத்திலிருந்து இரும்புகள் திரும்பின. அவற்றோடு சிங்களத்தில் வந்த நீதிமன்றக் கடிதத்தை வாசிக்கக் கலீபா நேரே என் வீட்டுக்கு வந்தார். தேநீர் குடித்தார். ராத்திபு மறுபடி நடந்தபோது நான் போகவில்லை. அவரும் என்னைக் கூப்பிடவில்லை.